நான்கு மலைகளுக்கு உட்பட்ட நாடு: நவஹோ பயணக் குறிப்புகள்

ஞாயிறு, கேலப்

அமெரிக்காவின் நியூ மெக்சிகோ மாநிலத்திலுள்ள அல்புகர்க்கி நகரிலிருந்து 40ஆம் எண் நெடுஞ்சாலையில் மேற்கே கிளம்பினால், நகரம் முடிந்த சற்று நேரத்துக்கெல்லாம் வடமேற்கில் ஒரு பெரிய மலை தென்படத் தொடங்குகிறது. 3,445 மீட்டர் உயரமுள்ள அந்த அணைந்த எரிமலையை அரசாங்க வரைபடங்கள் மவுண்ட் டெய்லர் என்று குறிக்கின்றன. தங்களை டினே என்று அழைத்துக்கொள்ளும் நவஹோ பழங்குடி மக்களுக்கு அது சோட்ஸில். தெற்குத் திசையின் மலை. 1868இல் அமெரிக்க ராணுவத்தின் சிறையிருப்பு முடிந்து தாயகம் திரும்பிய டினே மக்கள், அல்புகர்க்கியிலிருந்தே இதன் உச்சியைக் கண்டு, இது நம்முடைய மலைதானா என்று ஐயுற்றார்கள் என்றும், மண்ணோடு பேச வேண்டும்போல் இருந்தது என்றும் அவர்களுடைய தலைவர்களுள் ஒருவரான மனுவலிட்டோ பின்னாளில் நினைவுகூர்ந்திருக்கிறார். அந்தச் செய்தியைப் படித்த நாளிலிருந்து இந்தப் பாதையில் போக வேண்டும் என்ற ஆவல் எனக்கு இருந்தது.

டினே மரபில் உலகத்தின் கதை இந்த மண்ணுக்குக் கீழே அடுக்கடுக்காக இருந்த முந்தைய உலகங்களில் தொடங்குகிறது. ஒவ்வோர் உலகிலும் ஒழுங்கு குலைய, அங்கிருந்து வெளியேறி மேலே வந்த முதல் ஆணும் முதல் பெண்ணும், கீழுலகத்திலிருந்து கொண்டுவந்த மண்ணால் இங்கே மலைகளை அமைத்தார்கள். கிழக்கே, இன்றைய கொலராடோவில், வெண்சிப்பி அணிந்த சிஸ்நாஜினி; அது மின்னலால் பூமியோடு பிணைக்கப்பட்டது. தெற்கே நீலமணி அணிந்த சோட்ஸில். அதைப் பூமியில் பொருத்தியிருப்பது ஒரு பெரிய கல்கத்தி. மேற்கே, அரிசோனாவில், மஞ்சள் அபலோனிச் சிப்பி அணிந்த தோகோஸ்லீத். அதைச் சூரியக் கதிர் பிடித்திருக்கிறது. வடக்கே கருநிறம் கொண்ட திபே நிட்சா, அதற்கு வானவில். விடியலின் வெண்மை, பகலின் நீலம், அந்தியின் மஞ்சள், இரவின் கருமை ஆகியவையும் இதே வரிசையில் அந்தந்தத் திசைக்கு உரியவை. இந்த நான்கு மலைகளுக்கு இடைப்பட்ட நிலமே வாழ்வதற்கென்று டினே மக்களுக்குக் கொடுக்கப்பட்டது. அமெரிக்காவுக்குள் தன்னாட்சி பெற்ற இன்றைய நவஹோ நாடு மூன்று மாநிலங்களில் சுமார் 71,000 சதுர கிலோமீட்டர் பரவியிருக்கிறது. ஆயினும் நான்கு மலைகளுமே அதன் சட்ட எல்லைக்கு வெளியில்தான் இருக்கின்றன. இந்தச் செய்தியை நினைவில் வைத்துக்கொண்டால்தான் பின்னால் நான் எழுதப்போகும் பலவும் விளங்கும்.

கிராண்ட்ஸ் என்ற சிற்றூரை நெருங்கும்போது சாலையோரமெங்கும் கன்னங்கரிய எரிமலைக் குழம்பு உறைந்து கிடக்கிறது. காரை நிறுத்திவிட்டு இறங்கிப் பார்த்தேன். சில இடங்களில் அது கயிறு திரித்ததுபோல் முறுக்கிக்கொண்டு கிடக்கிறது. சில இடங்களில் காலை வைக்க முடியாதபடி கூராக உடைந்திருக்கிறது. வெடிப்புகளில் மட்டும் காய்ந்த புல் முளைத்திருக்கிறது. மாறும் பெண் என்ற தெய்வத்துக்கும் சூரியனுக்கும் பிறந்த இரட்டையர்கள், மனிதர்களைத் தின்று வந்த யேயிட்ஸோ என்ற அரக்கனை இந்த மலைப்பக்கத்தில் கொன்றபோது வழிந்தோடி உறைந்த இரத்தம் இது என்கிறது மரபு. இரத்த ஓடைகள் ஒன்றோடொன்று கலந்தால் அரக்கன் மீண்டும் எழுந்துவிடுவான் என்பதால், கல்கத்தியால் தரையில் கோடு கிழித்து அவற்றை இரட்டையர்கள் தடுத்தார்களாம். எங்கோ எப்போதோ நடந்ததாகச் சொல்லப்படும் கதையாக இல்லாமல், இதோ இந்தப் பாறை என்று கைவைத்துக் காட்டக்கூடிய கதையாக இது இருப்பது எனக்கு மிக முக்கியமாகப் படுகிறது.

இதே கிராண்ட்ஸ் பகுதியில்தான் 1950இல் பாடி மார்ட்டினெஸ் என்ற நவஹோ இடையர் யுரேனியப் பாறையைக் கண்டெடுத்தார். 1944 முதல் 1986 வரை நவஹோ நிலத்தில் ஏறத்தாழ 3 கோடி டன் யுரேனியத் தாது வெட்டியெடுக்கப்பட்டது. 500க்கும் மேற்பட்ட சுரங்கங்கள் கைவிடப்பட்ட நிலையில் இன்றும் கிடக்கின்றன. இன்று நான் தங்கியிருக்கும் கேலப் நகருக்கு அருகே சர்ச் ராக்கில், 1979 ஜூலை 16 அன்று ஆலைக் கழிவைத் தேக்கியிருந்த கரை உடைந்து, 35 கோடி லிட்டருக்கும் அதிகமான கதிரியக்க நீர் பூயர்கோ ஆற்றில் பாய்ந்தது. ஆடுகள் நீர் குடித்த ஆறு அது. டினே மக்களிடையே வழங்கும் ஒரு கதையில், அவர்கள் முன்னால் இரண்டு மஞ்சள் பொடிகள் வைக்கப்படுகின்றன. ஒன்று மக்காச்சோள மகரந்தம். மற்றது பாறைக்குள் இருக்கும் மஞ்சள் மண். மகரந்தத்தைத் தேர்ந்தெடுத்தவர்களிடம், மற்றதை மண்ணிலேயே விட்டுவிடுங்கள், எடுத்தால் கேடு வரும் என்று சொல்லப்படுகிறது. 2005இல் நவஹோ நாடு தன் நிலத்தில் யுரேனியம் எடுப்பதைச் சட்டம் போட்டுத் தடை செய்தது.

திங்கள், விண்டோ ராக்

நவஹோ நாட்டின் தலைநகரத்துக்கு அதன் பெயரைத் தந்த செம்பாறை, அரசு அலுவலகங்களுக்குப் பின்னாலேயே நிற்கிறது. பாறையின் நடுவில் வட்டமாக ஒரு பெருந்துளை. அதன் வழியாக வானம் தெரிகிறது. முன்பு அதன் அடியில் ஓர் ஊற்று இருந்தது. நீர்வழிச் சடங்குக்கு ஹதாலிகள் தண்ணீர் எடுத்துச்சென்ற நான்கு இடங்களுள் அது ஒன்று. ஹதாலி என்பவர் பாடகர். அதுவே மருத்துவருக்கும் பூசகருக்கும் உரிய பெயர். ஏனெனில் டினே மருத்துவம் முதலாவதாகப் பாட்டினால் நடப்பது.

பக்கத்தில் எண்கோண வடிவில் செங்கல் நிறக் கல்லால் கட்டிய மன்றக் கட்டடம் இருக்கிறது. 1930களின் நடுவில் கட்டப்பட்ட அது ஹோகன் என்னும் டினே இல்லத்தின் வடிவைப் பின்பற்றியது. 24 உறுப்பினர்கள் கூடிச் சட்டம் இயற்றும் இந்த மன்றம், 2002இல் டினே அடிப்படைச் சட்டம் என்ற ஒன்றை ஏற்றுக்கொண்டது. தெய்வ மக்கள் வகுத்த ஒழுங்கும், முன்னோர் வழக்கமும், இயற்கையின் நியதியும் மன்றம் தோன்றுவதற்கு முன்பே சட்டமாக இருந்தவை என்பதும், தலைவர்களும் நீதிபதிகளும் அவற்றுக்குக் கட்டுப்பட்டவர்கள் என்பதும் அதன் சாரம். இது வெறும் முகவுரை அலங்காரம் அன்று. 1982 முதல் இங்குள்ள நீதிமன்றங்களோடு இணைந்து சமாதானம் செய்விக்கும் முறை ஒன்று நடந்துவருகிறது. வழக்காடும் இரு தரப்பும் உறவினர்களோடு வட்டமாக அமர்கிறார்கள்; பெரியவர் ஒருவர் வேண்டுதலோடு தொடங்கி, எல்லோரையும் பேசவிட்டு, தகுந்த பழங்கதையை எடுத்துச்சொல்லி வழிநடத்துகிறார். குற்றவாளியைத் தீர்மானித்துத் தண்டனை அளப்பதைவிட, அறுந்த உறவை மீண்டும் கட்டுவதே அங்கே நோக்கம்.

அருகிலுள்ள நினைவுத் திடலில் ஓர் இளம் போர்வீரனின் வெண்கலச் சிலை, வானொலிக் கருவியோடு இருக்கிறது. இரண்டாம் உலகப் போரில் டினே மொழியைக் கொண்டு சங்கேதச் செய்தி அனுப்பிய வீரர்களுக்கான சிலை அது. 1942இல் 29 பேரோடு தொடங்கிய அந்தப் பிரிவு ஏறத்தாழ 400 பேராக வளர்ந்தது. எதிரிகளால் அந்தச் சங்கேதத்தை உடைக்கவே முடியவில்லை. பள்ளியில் தம் மொழியைப் பேசியதற்காகத் தண்டிக்கப்பட்ட தலைமுறை அது. இந்த வரலாறு பலருக்கும் தெரியும். ஆனால் ஊர் திரும்பிய பிறகு அவர்களில் பலருக்கு நடந்த சடங்கைப் பற்றி அதிகம் பேசப்படுவதில்லை. போரில் கொல்லப்பட்டவர்களின் ஆவியோடு ஏற்பட்ட தொடர்பு ஒருவரை உள்ளிருந்து நோயுறச் செய்யும் என்று டினே மக்கள் கருதுகிறார்கள். எதிரிவழிச் சடங்கு, கோடைகாலத்தில் பல நாள் நடந்து, இடம் விட்டு இடம் நகர்ந்து, குலம் முழுவதும் கூடி, அந்த வீரரைச் சுத்திகரித்துத் தன் மக்களிடம் மீட்டுக்கொண்டுவருகிறது. போர்முனையிலிருந்து வருபவனுக்கு வீட்டுக்குள் வருவதற்கு ஒரு வழி வேண்டும் என்பதை இவ்வளவு தெளிவாக உணர்ந்து அதற்கென ஒரு முறையை வகுத்துவைத்திருக்கும் சமூகத்தின் மீது எனக்கு மிகுந்த மதிப்பு உண்டாகிறது.

1868 ஒப்பந்தத்தைப் பற்றி இங்கே எழுதாமல் போக முடியாது. 1864 தொடங்கி அமெரிக்க ராணுவம் டினே மக்களைப் பிடித்து, 500 கிலோமீட்டருக்கும் மேல் நடத்திச்சென்று, நியூ மெக்சிகோவின் கிழக்கே பாஸ்க் ரெடோண்டோ என்ற வறண்ட வெளியில் அடைத்துவைத்தது. 8,000க்கும் அதிகமானோர் அங்கே இருந்தார்கள். பஞ்சத்திலும் நோயிலும் பலர் மாண்டார்கள். அவர்களை ஓக்லஹோமா பக்கம் அனுப்பிவிடலாம் என்று யோசித்த ஜெனரல் ஷெர்மனிடம் பேசியவர் பார்போன்சிட்டோ. அவர் தலைவர் மட்டும் அல்லர், பாடகரும்கூட. டினே மக்கள் படைக்கப்பட்டபோது நான்கு மலைகளும் நான்கு ஆறுகளும் சுட்டிக்காட்டப்பட்டன என்றும், அவற்றுக்கு உள்ளே வாழும்படியும், ரியோ கிராண்டுக்குக் கிழக்கே போகாதிருக்கும்படியும் முன்னோர் சொன்னார்கள் என்றும், அதை மீறியதால்தான் இத்தனை சாவு என்றும் அவர் வாதிட்டது ஆவணத்தில் இருக்கிறது. அதற்கு முன் அவர் நடத்திய சடங்கு ஒன்றும் இங்கே நினைவுகூரப்படுகிறது: மக்கள் பெரிய வட்டமாகச் சூழ்ந்துகொள்ள, ஒரு கோயோட் ஓநாயைப் பிடித்து, அதன் வாயில் வெண்சிப்பி மணி ஒன்றை வைத்து விட்டார், அது மெல்ல மேற்கு நோக்கி நடந்துபோனதைக் கண்டு, நாம் வீடு திரும்புவோம் என்றார். ஜூன் 1 அன்று ஒப்பந்தம் கையெழுத்தானது. தமக்குரிய மண்ணுக்கே திரும்பிப்போக உரிமை பெற்ற பழங்குடிகள் அமெரிக்க வரலாற்றில் மிகச் சிலரே.

செவ்வாய், கனாடோ

1878இல் ஹப்பல் என்பவர் வாங்கி நடத்திய பண்டகக் கடை இங்கே இன்னும் கடையாகவே நடக்கிறது. மரத்தரை ஒவ்வோர் அடிக்கும் முனகுகிறது. உள்ளறையில் கம்பளங்கள் மடித்து அடுக்கப்பட்டிருக்கின்றன. கனாடோ சிவப்பு என்று பெயர்பெற்ற ஆழ்ந்த செந்நிறம் அவற்றில் மேலோங்கித் தெரிகிறது.

முதிய பெண்மணி ஒருவர் செங்குத்துத் தறியின் முன் தரையில் அமர்ந்து நெய்துகொண்டிருந்தார். நான் நெடுநேரம் பக்கத்தில் இருந்து பார்த்தேன். அவரிடம் வரைபடமோ அளவுகோலோ இல்லை. பாவு நூல்களை விரலால் எண்ணி எடுத்து, அகலமான கட்டையை இடையில் நுழைத்துத் திருப்பி, அந்த இடைவெளியில் ஊடை நூலைக் கையாலேயே செலுத்தி, மரச்சீப்பினால் கீழ்நோக்கித் தட்டினார். தட்டும் ஓசை சீராக இருந்தது. வண்ணம் மாறும் இடத்தில் மட்டும் ஒரு கணம் நின்று, மீண்டும் தொடர்ந்தது. இவ்வளவு நேரத்தில் நெய்தது இரண்டு விரல் உயரம்கூட இல்லை. வடிவம் எங்கே இருக்கிறது என்று கேட்டேன். தலையைத் தொட்டுக் காட்டிவிட்டு, "முதலில் நன்றாக நினைக்க வேண்டும். கோபமாக இருக்கும் நாளில் தறியில் உட்காரக் கூடாது என்று என் பாட்டி சொல்லுவார்" என்றார்.

நெசவைக் கற்றுத்தந்தவர் சிலந்திப் பெண். முதல் தறியின் குறுக்குக் கட்டைகள் வானத்தாலும் பூமியாலும் ஆனவை; பாவுக் குச்சிகள் சூரியக் கதிர்கள்; கட்டை சூரியனைச் சூழ்ந்த ஒளிவட்டம்; சீப்பு வெண்சிப்பி. பெண்குழந்தை பிறந்தால் அதன் உள்ளங்கையில் சிலந்தி வலையைத் தேய்ப்பது பழைய வழக்கம். கை நெசவுக்குப் பழகும் என்பது நம்பிக்கை. கரையிட்ட கம்பளங்களில் உள்வடிவத்திலிருந்து விளிம்பு வரை மெல்லிய ஒற்றைக் கோடு ஒன்று ஓடுவதைக் காணலாம். நெய்தவரின் எண்ணம் உள்ளே அடைபட்டுவிடாமல் வெளியேறி அடுத்த வேலைக்குப் போவதற்கு விட்ட வழி அது. விற்பனைச் சீட்டுகள் இதைக் குறையாகக் குறிக்காமல் இருந்தால் நல்லது.

ஆடு இல்லாமல் இந்த நெசவு இல்லை. 1930களில் மேய்ச்சலால் மண் அரிக்கிறது, வண்டல் கொலராடோ ஆற்று அணையில் போய்ச் சேருகிறது என்று காரணம் காட்டி, கூட்டரசு நவஹோ மக்களின் ஆடுகளையும் குதிரைகளையும் பெருமளவில் குறைத்தது. சந்தைக்குக் கொண்டுபோக முடியாதவற்றைப் பள்ளத்தாக்குகளில் சுட்டுக் குவித்தார்கள். மண்ணரிப்பு உண்மைதான். ஆனால் மந்தையோ பெரும்பாலும் பெண்களின் உடைமை. பிள்ளைக்குப் பொறுப்பைக் கற்றுத்தரும் பள்ளி. சடங்குக்கு வந்தவர்களுக்கு உணவு. இவற்றையெல்லாம் கேளாமல் எண்ணிக்கையை மட்டும் பார்த்த திட்டம் அது. அதைப் பற்றிப் பேசும்போது அந்த மூதாட்டியின் கை தறியிலேயே நின்றுவிட்டது.

புதன், சின்லே

கான்யன் டி ஷே 1931இல் தேசியச் சின்னமாக அறிவிக்கப்பட்டது. ஆனால் நிலம் நவஹோ நாட்டுக்கே உரியது, உள்ளே இன்றும் குடும்பங்கள் சோளமும் பழமரங்களும் வளர்க்கின்றன. வழிகாட்டி இல்லாமல் பள்ளத்தாக்கின் அடிக்குப் போக அனுமதி இல்லை. எங்கள் வழிகாட்டி நடுவயதுப் பெண். கைகுலுக்கல் மென்மையான ஒரு தொடுகை மட்டுமே. கண்ணுக்குள் உற்றுப் பார்ப்பது இங்கே மரியாதை அன்று. தன் பெயருக்கு முன்பாகத் தன் குலங்களைச் சொல்லி அவர் தம்மை அறிமுகப்படுத்திக்கொண்டார்: தாயின் குலம், தந்தையின் குலம், தாய்வழித் தாத்தாவின் குலம், தந்தைவழித் தாத்தாவின் குலம். மாறும் பெண் தன் தோலிலிருந்து முதல் நான்கு குலங்களைப் படைத்தாள் என்பது மரபு. பிள்ளை தாயின் குலத்தைச் சேர்ந்தது. அதே குலத்தில் மணம் கூடாது. ஒரே குலத்தவர் முன்பின் அறியாதவராயினும் அக்காவும் தம்பியும் பாட்டியும் ஆகிவிடுகிறார்கள். கே என்னும் இந்த உறவுநெறிக்குள் குழந்தை நுழையும் விதத்தையும் அவர் சொன்னார். குழந்தை முதன்முதலாக வாய்விட்டுச் சிரிக்கும் நாளை எல்லோரும் காத்திருக்கிறார்கள். சிரிக்கவைத்தவர் விருந்து வைக்க வேண்டும். அந்த விருந்தில் குழந்தையின் கையால் வருபவர்கள் எல்லோருக்கும் உப்பு கொடுக்கப்படும். கொடுக்கும் கையாக அந்தக் கை வளர வேண்டும் என்பதற்காக.

ஆற்றுமணலில் வண்டி குலுங்கிப் போக, இருபுறமும் செம்பாறைச் சுவர்கள் உயர்ந்துகொண்டே போயின. பாறைப் பொந்துகளில், டினே மக்களுக்கு முற்பட்டவர்கள் கட்டிய வீடுகள் கலையாமல் நிற்கின்றன. வழிகாட்டி தூரத்திலிருந்தே காட்டினார், அருகே போகவில்லை. இறந்தவரிடமிருந்து பிரிந்து பின்தங்கிவிடும் கேடு, சீண்டி எனப்படுவது, இறந்த இடத்திலும் உடைமைகளிலும் தங்கும் என்பதால், முன்பெல்லாம் ஒருவர் ஹோகனுக்குள் இறந்தால் வடக்குச் சுவரை உடைத்து உடலை வெளியேற்றிவிட்டு அந்த வீட்டையே கைவிடுவார்கள். இறந்தவரின் பெயரையும் உரக்கச் சொல்லமாட்டார்கள். இதை அச்சம் என்று மட்டும் எழுதிச்செல்பவர்கள் உண்டு. உயிருள்ளவற்றுக்கும் இறந்தவற்றுக்கும் இடையே எல்லையைக் காப்பதாகவே எனக்குத் தோன்றுகிறது.

ஓரிடத்தில் சில பீச் மரங்கள் இருந்தன. 1864இல் இந்தப் பள்ளத்தாக்கைக் கைப்பற்றிய ராணுவம் ஆயிரக்கணக்கான பீச் மரங்களை வெட்டி வீழ்த்தியது. கோட்டைப் பாறை என்ற செங்குத்தான குன்றின் மேல் ஏறி ஒளிந்த ஏறத்தாழ 300 பேர், இரவில் சுரைக்குடுக்கைகளைக் கயிற்றில் இறக்கி, கீழே காவலிருந்த படைவீரர்களுக்குத் தெரியாமல் ஓடையிலிருந்து நீர் மொண்டு உயிர் பிழைத்தார்கள்.

மாலையில் மேலே விளிம்புச் சாலையிலிருந்து சிலந்திப் பாறையைப் பார்த்தோம். பள்ளத்தாக்கின் நடுவே சுமார் 230 மீட்டர் உயரத்துக்கு இரட்டைத் தூணாக எழுந்து நிற்கும் அதன் உச்சியில்தான் சிலந்திப் பெண் வசிக்கிறாள். உச்சியின் வெண்மை, சொல் கேளாத பிள்ளைகளின் எலும்பு என்று வீடுகளில் பயமுறுத்துவார்கள். கோயோட்டின் கதை ஒன்றைச் சொல்லும்படி கேட்டேன். "பனி விழட்டும். பாம்பும் கரடியும் இடியும் இன்னும் தூங்கப் போகவில்லை, அவை தூங்கிய பிறகுதான் அந்தக் கதைகளைச் சொல்லுவோம்" என்றார். அக்டோபர் இங்கே ஆண்டின் முதல் மாதம், பருவம் பிரியும் காலம். குளிர்காலக் கதைகளுக்கு இன்னும் சில வாரங்கள் இருந்தன. ஆகவே அந்தக் கதைகளை நானும் இந்தக் குறிப்புகளில் எழுதப்போவதில்லை. 2023 அக்டோபர் 14 அன்று வளையச் சூரிய கிரகணம் நவஹோ நாட்டின் மேல் கடந்துசென்றபோது, உலகமெங்குமிருந்து ஆட்கள் வரத் தயாராக இருந்தும், மான்யுமென்ட் வேலி உள்ளிட்ட பூங்காக்களை அந்த நேரத்தில் மூடிவிட்டார்கள். சூரியன் மறையும்போது உண்ணாமல், நோக்காமல், வீட்டுக்குள் அமைதியாக இருப்பது இங்கே விதி. வருமானத்தை விட்டுக்கொடுத்து ஓர் அரசு அந்த விதிக்குக் கட்டுப்பட்டது.

வியாழன், சேய்லி

1968இல் தொடங்கிய டினே கல்லூரி, பழங்குடி மக்களே நிறுவி நடத்திய முதல் கல்லூரி. அதன் வளாகம் ஹோகனைப் போல வட்டமாக அமைந்திருக்கிறது. நடுவே ஆறு மாடிக் கண்ணாடிக் கட்டடம், அதுவும் ஹோகன் வடிவில். ஹோகனின் வாசல் கிழக்கே, விடியலை நோக்கி. உள்ளே நுழைபவர் சூரியன் செல்லும் திசையில் வலமாகவே சுற்றி வர வேண்டும். கல்லூரியின் கல்விமுறையும் அதே சுற்றில் அமைந்தது: கிழக்கில் சிந்தித்தல், தெற்கில் திட்டமிடல், மேற்கில் வாழ்ந்துபார்த்தல், வடக்கில் அதை எண்ணிப்பார்த்து உறுதிபெறுதல், பிறகு மீண்டும் கிழக்கு.

இந்தப் பயணத்தில் என்னை அதிகம் ஆட்கொண்ட கருத்து ஹோஜோ. அழகு, நலம், ஒழுங்கு, இணக்கம் அனைத்தும் ஒன்றாகவே இருக்கும் நிலை அது. முதுமை வரை அந்த வழியில் நடந்து முடிப்பதே டினே வாழ்வின் இலக்கு. ஆனால் அது ஒருமுறை அடைந்து வைத்துக்கொள்ளும் பொருள் அன்று. தவறான சொல், மின்னல் தாக்கிய மரம், பிணத்தின் தொடர்பு, அளவு மீறிய ஆசை ஆகிய எதுவும் அதைக் கலைத்துவிடும். நோய் என்பது அந்தக் கலைவு. கைநடுக்கத்தால் குறிபார்ப்பவர் காரணத்தைக் கண்டறிந்து உரிய சடங்கைச் சொல்லுவார். ஹதாலி அதை இரண்டு, ஐந்து அல்லது ஒன்பது இரவுகள் நடத்துவார். பல நூறு பாடல்களை வரிசை பிறழாமல் மனத்தில் வைத்திருக்க வேண்டியிருப்பதால், பெரும்பாலான ஹதாலிகள் சில சடங்குகளை மட்டுமே ஆண்டுக்கணக்கில் கற்றுத் தேர்கிறார்கள். வேண்டுதல் முடியும்போது, ஹோஜோ மீண்டும் உண்டாகிவிட்டது என்று நான்கு முறை சொல்லுகிறார்கள். இனி உண்டாகட்டும் என்று கேட்பதாக அன்றி, ஆகிவிட்டது என்றே சொல்லுகிறார்கள். சொல் அங்கே செயலைச் செய்கிறது.

மணலோவியம் இந்த மருத்துவத்தின் ஒரு பகுதி. வெள்ளை ஜிப்சம், மஞ்சள் காவி, செம்மணற்கல், கரி ஆகியவற்றை அரைத்து, கட்டைவிரலுக்கும் ஆட்காட்டி விரலுக்கும் இடையே பொடியை வழியவிட்டு, ஹோகன் தரையில் தெய்வ மக்களின் உருவங்களை இழைக்கிறார்கள். மூன்று புறமும் வானவில் காவல் இருக்க, கிழக்கு மட்டும் திறந்திருக்கும். நோயாளி அதன் மீதே அமர்கிறார். உருவங்களின் உடலிலிருந்து மணலை எடுத்து நோயாளியின் உடலில் ஒற்றுகிறார் ஹதாலி. பகலில் இட்ட ஓவியம் பொழுது சாய்வதற்குள் அழிக்கப்பட்டு, மணல் வெளியே கொண்டுபோய்க் கொட்டப்படுகிறது. கடைகளில் பலகையில் ஒட்டி விற்கும் ஓவியங்களில் வேண்டுமென்றே ஏதேனும் மாற்றிவைத்திருப்பார்கள்; முழுமையான வடிவம் வேலை முடிந்த பின்னும் நிற்கக் கூடாது.

1867இல் பிறந்த ஹோஸ்டீன் கிளா என்ற புகழ்பெற்ற ஹதாலி நெசவாளராகவும் இருந்தார். அவர் மணலோவியங்களைக் கம்பளத்தில் நெய்தபோது பலர் அஞ்சினார்கள். தமக்குப் பின் இந்த அறிவு அழிந்துவிடும் என்ற கவலையில், மேரி காபட் வீல்ரைட் என்ற செல்வந்தப் பெண்மணியோடு சேர்ந்து சான்டா ஃபேயில் ஓர் அருங்காட்சியகத்துக்கு வழிசெய்து, 1937இல் இறந்தார். அறிவு அழியவில்லை. 1977இல் அந்த அருங்காட்சியகம் தன்னிடமிருந்த மருந்துப் பொதிகளை டினே மக்களிடமே திருப்பித் தந்தது. அவை வந்து சேர்ந்தது இந்த சேய்லிக்குத்தான்.

இங்கே பேசக் கிடைத்த பேராசிரியை ஒருவர் தம் மகளுக்குச் சென்ற ஆண்டு நடந்த கினால்டாவைப் பற்றிச் சொன்னார். பெண் பூப்படைந்ததும் நடக்கும் நான்கு நாள் சடங்கு அது. முதலில் மாறும் பெண்ணுக்கே நடந்தது. அந்த நாட்களில் பெண் மாறும் பெண்ணாகவே கருதப்படுகிறாள். விடியற்காலையில் கிழக்கு நோக்கி ஓடுகிறாள், ஒவ்வொரு முறையும் முந்தியதைவிடத் தொலைவாக. நற்பேர் பெற்ற ஒரு மூத்த பெண், அவளைக் கம்பளத்தின் மேல் படுக்கவைத்து, தலை முதல் கால் வரை கைகளால் நீவி உருக்கொடுக்கிறாள். அந்தப் பருவத்தில் உடலும் மனமும் இளகியிருக்கும், பிடித்த வடிவம் நிற்கும் என்பது எண்ணம். அரைத்த சோளமாவை, மட்டைகள் விரித்த குழியில் ஊற்றி மூடி, மேலே நெருப்பிட்டு இரவு முழுவதும் வேகவிட்டு, விடியும்வரை பாடுகிறார்கள். காலையில் யூக்கா வேரின் நுரையில் கூந்தல் அலசி, கடைசி ஓட்டம் ஓடி வந்து, அந்தப் பெரிய அப்பத்தை அவள் தன் கையால் எல்லோருக்கும் பகிர்ந்து கொடுக்கிறாள். அவள் அதில் ஒரு துண்டும் உண்பதில்லை. "என் மகள் நகரத்தில் வளர்ந்தவள். ஓட முடியாது என்று அழுதாள். கடைசி நாளில் நாங்கள்தான் அவளுக்குப் பின்னால் ஓட முடியாமல் திணறினோம்" என்று சொல்லிச் சிரித்தார் தாய்.

வெள்ளி, ஹோப்பி மேடுகள் வழியாக

இன்று பெரும்பாலும் சாலைதான். காலையில் நீலச்சோளக் கஞ்சி கிடைத்தது. ஜூனிப்பர் இலைச் சாம்பலைக் கரைத்துச் சேர்ப்பதால் நிறம் ஆழ்ந்து வருகிறது, சுண்ணாம்புச் சத்தும் சேர்கிறது. கடைகளில் எங்கும் விற்கும் பொரித்த ரொட்டியைவிட இதுவே பழமையானது. அந்த ரொட்டியோ பாஸ்க் ரெடோண்டோ சிறைவெளியில் பங்கீடாகத் தந்த கோதுமை மாவிலும் கொழுப்பிலும் பிறந்தது என்பார்கள். இரவில் சாலையோரம் நின்று வடவானத்தைப் பார்த்தேன். வடமீன் ஹோகனின் நெருப்பு. சப்தரிஷி மண்டலம் ஆண், காசியோப்பியா பெண். இருவரும் அந்த ஒரே நெருப்பைச் சுற்றி, அதை விட்டு அகலாமல் வருகிறார்கள்.

சனி, ஃபிளாக்ஸ்டாஃப்

மேற்கு மலையான தோகோஸ்லீத் இந்த நகரின் தலைமேல் நிற்கிறது. 3,851 மீட்டர், சான் ஃபிரான்சிஸ்கோ சிகரங்கள் என்பது வரைபடப் பெயர். 13 பழங்குடிகளுக்குப் புனிதமானது. ஹதாலிகள் இதன் சரிவுகளில் மூலிகை சேகரிக்கிறார்கள். நான்கு மலைகளின் மண்ணையும் எடுத்துக் கட்டிய பொதி இல்லாமல் வாழ்த்துவழிச் சடங்கு நடப்பதில்லை. மலை கூட்டரசின் வனத்துறையிடம் இருக்கிறது. அதன் மேற்குச் சரிவில் 777 ஏக்கரில் ஒரு பனிச்சறுக்குத் தலம் இயங்குகிறது. பனி குறைந்த ஆண்டுகளில் நட்டம் ஏற்படுவதால், நகரத்தின் சுத்திகரித்த கழிவுநீரைக் குழாயில் ஏற்றிச் செயற்கைப் பனியாகப் பொழியத் திட்டமிட்டார்கள். 2005இல் வனத்துறை ஒப்புதல் தந்தது. நவஹோ நாடும் மற்றப் பழங்குடிகளும் வழக்குத் தொடர்ந்தன.

வழக்கில் நவஹோ தரப்புச் சாட்சி ஒருவர் சொன்னதைத் தீர்ப்பில் படித்திருக்கிறேன். உடம்பில் ஒரு தழும்பு இருந்தால் மனிதன் அதோடு வாழ்ந்துவிட முடியும் என்றார் அவர். ஆனால் மருத்துவமனைகளிலிருந்தும் பிணவறைகளிலிருந்தும் வந்து சேர்ந்த நீரை மலைக்குள் செலுத்துவது, உடம்புக்குள் அயற்பொருளை ஊசியால் ஏற்றுவதைப் போன்றது என்றார். புதனன்று பள்ளத்தாக்கில் பாழ்வீடுகளிலிருந்து எங்களைத் தள்ளியே நிறுத்திய வழிகாட்டியை நினைத்துக்கொண்டேன். இறந்தவற்றோடு தொடர்புபட்ட நீர், ஒரு சரிவில் பட்டாலும் மலை முழுவதையும் தொட்டுவிடுகிறது. மலையைத் தொட்டால் அதன் மண் இருக்கும் ஒவ்வொரு பொதியையும், அந்தப் பொதியை வைத்து நடக்கும் ஒவ்வொரு சடங்கையும் தொட்டுவிடுகிறது.

2007இல் மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு பழங்குடிகளின் பக்கம் தீர்ப்பளித்தது. 2008இல் விரிவான அமர்வு அதை மாற்றியது. எந்தச் செடியும் அழியவில்லை, எந்த வழிபாட்டிடமும் மூடப்படவில்லை, யாரும் வழிபடுவதிலிருந்து தடுக்கப்படவில்லை, பாதிப்பு வழிபடுபவர்களின் அகநிலை உணர்வில் மட்டுமே என்று பெரும்பான்மை நீதிபதிகள் கருதினார்கள். மலையே உடம்பாகவும் மண்ணே மருந்தாகவும் இருக்கும் ஒரு சமயத்தை, தனிமனிதனின் நெஞ்சுக்குள் இருக்கும் நம்பிக்கையாக மட்டுமே அந்தத் தீர்ப்பு எடுத்துக்கொண்டது. இது பெரும் அநீதி என்றே நான் நினைக்கிறேன். 2009இல் உச்ச நீதிமன்றம் மேல்முறையீட்டை ஏற்க மறுத்துவிட்டது. 2012 இறுதியிலிருந்து முழுக்க முழுக்கச் சுத்திகரித்த கழிவுநீரைக் கொண்டே அங்கே செயற்கைப் பனி பொழிகிறார்கள். ஹதாலிகள் மலைமண் எடுக்க இன்றும் இங்கே வருகிறார்கள். வேறு மேற்கு மலை அவர்களுக்கு இல்லை.